அளப்பவருக்குத் தெரிந்துவிட்டால் அளவு மாறிவிடும்!

பொதுத்தேர்வு விடைத்தாளைத் திருத்தும் ஆசிரியருக்கு, தன் கையில் இருப்பது யாருடைய தாள் என்று தெரியாது. மாணவரின் பெயரையும் பதிவெண்ணையும் மறைத்துத்தான் தாளைக் கொடுப்பார்கள். ஆசிரியர்கள் நேர்மையற்றவர்கள் என்பதாலா? இல்லை. 'நல்லாப் படிக்கிற பொண்ணாச்சே' என்ற நினைப்பு வந்துவிட்டால் போதும். இரண்டு மார்க்கா, மூன்று மார்க்கா என்று இழுபறியாக இருக்கும் இடத்தில் கை தானாகவே மூன்று போட்டுவிடும். போட்டவருக்கே அது தெரியாது.

காக்கைக்கும் தன் குஞ்சு பொன்குஞ்சு அல்லவா? பத்து வருடம் பாடுபட்டு ஒரு மருந்தைக் கண்டுபிடித்தவருக்கும், அதை நம்பி நோயாளிக்குக் கொடுக்கும் டாக்டருக்கும் அந்த மருந்து பொன்குஞ்சுதான்.

'புது மருந்து 100 பேருக்குக் கொடுக்கப்பட்டது, 70 பேருக்குக் குணம்' என்று செய்தி வருகிறது. எத்தனை பேருக்குக் கொடுத்தார்கள், எந்த நாட்டில் கொடுத்தார்கள் என்றெல்லாம் கேட்கிறோம். ஒரு கேள்வியை மட்டும் விட்டுவிடுகிறோம். குணமாகிவிட்டது என்று சொன்னது யார்? அந்த நோயாளிக்குப் புது மருந்துதான் கொடுக்கப்பட்டது என்று அவருக்கு முன்பே தெரியுமா?

நாம் சாப்பிடும் மாத்திரை உண்மையிலேயே வேலை செய்கிறதா என்பது இந்தக் கேள்விக்கான பதிலில்தான் இருக்கிறது.

கண்ணைக் கட்டிக்கொண்டு ஒரு சோதனை

240 வருடங்களுக்கு முன்பு பாரிஸ் நகரத்தை ஒரு வைத்தியர் கலக்கிக்கொண்டிருந்தார். பெயர் ஃப்ரான்ஸ் மெஸ்மர். உடலுக்குள் கண்ணுக்குத் தெரியாத காந்த சக்தி ஓடுகிறது, அதைச் சரிசெய்தால் நோய் தீரும் என்றார். கூட்டம் அலைமோதியது. சிகிச்சையின்போது பலர் நடுங்கினார்கள், மயங்கினார்கள், எழுந்து நலமாகிவிட்டதாகச் சொன்னார்கள்.

1784-ல் மன்னர் பதினாறாம் லூயி ஒரு விசாரணைக் குழுவை அமைத்தார். அமெரிக்கத் தூதராக அங்கே இருந்த பெஞ்சமின் ஃப்ராங்க்ளின், வேதியியல் மேதை லவாய்சியே போன்றவர்கள் அதில் இருந்தார்கள். ஃப்ராங்க்ளின் வீட்டுத் தோட்டத்தில் ஒரு சோதனை நடந்தது. மெஸ்மரின் சீடர் ஓர் ஆப்ரிகாட் மரத்துக்கு மட்டும் 'காந்த சக்தி' ஏற்றினார். பிறகு 12 வயதுப் பையன் ஒருவனைக் கண்ணைக் கட்டி, ஒவ்வொரு மரமாக அழைத்துப் போனார்கள்.

முதல் மரத்தில் அவனுக்கு வியர்த்தது. அடுத்ததில் தலை வலித்தது. நான்காவது மரத்தடியில் மயங்கியே விழுந்துவிட்டான். ஆனால், சக்தி ஏற்றிய மரம் அங்கிருந்து சுமார் 24 அடி தூரத்தில் இருந்தது! பையன் நடிக்கவில்லை. அவன் எதிர்பார்ப்பு அவனை மயங்க வைத்தது.

கண்ணைக் கட்டினால் உண்மை வெளியே வரும் என்று மருத்துவ உலகம் அன்று கற்றுக்கொண்டது. இன்றைய ஆய்வுகளில் நிஜத் துணியால் கட்டுவதில்லை. யாருக்கு எந்தச் சிகிச்சை என்ற விவரத்தை மறைக்கிறார்கள். அவ்வளவுதான் வித்தியாசம்.

ஒரே நோயாளி, இரண்டு டாக்டர்கள்

விவரம் தெரியாத நோயாளி ஏமாறலாம், படித்த டாக்டர் ஏமாறுவாரா? கனடாவில் நடந்த ஓர் ஆய்வு இதற்குப் பதில் சொன்னது.

மல்டிபிள் ஸ்க்லரோசிஸ் என்பது, மூளையிலும் தண்டுவடத்திலும் உள்ள நரம்புகளின் மேலுறையை உடலின் எதிர்ப்பு சக்தியே தாக்கி அழிக்கும் நோய். நடை தள்ளாடும், பார்வை மங்கும், கை கால் மரத்துப் போகும். இதற்கு ரத்தத்தின் பிளாஸ்மாவை மாற்றுவதும், சைக்ளோபாஸ்பமைட் என்ற கடுமையான மருந்தும் பலன் தருமா என்று 168 நோயாளிகளிடம் சோதித்தார்கள். நோயாளிகளைக் குலுக்கல் முறையில் மூன்று பிரிவாகப் பிரித்தார்கள். ஒரு பிரிவுக்கு அந்த மருந்தை ஊசி வழியாகவும், இன்னொரு பிரிவுக்கு அதையே மாத்திரையாக, வாராந்திர பிளாஸ்மா மாற்றுடன் சேர்த்தும் கொடுத்தார்கள். மூன்றாவது பிரிவுக்குப் போலி மருந்தும் போலி பிளாஸ்மா மாற்றும்தான்.

இந்த நோயில் முன்னேற்றத்தை அளக்க தெர்மாமீட்டர் மாதிரி கருவி கிடையாது. நரம்பியல் டாக்டர் நோயாளியை நடக்கச் சொல்லி, கையை நீட்டச் சொல்லி, கண்ணைப் பார்த்து, பூஜ்யத்திலிருந்து பத்துக்குள் ஒரு மதிப்பெண் போடுவார். இங்கேதான் ஆய்வாளர்கள் ஒரு புத்திசாலித்தனமான காரியம் செய்தார்கள். ஒவ்வொரு நோயாளியையும் இரண்டு டாக்டர்கள் பரிசோதித்தார்கள். ஒருவருக்கு நோயாளி எந்தப் பிரிவு என்று தெரியும். இன்னொருவருக்குத் தெரியாது.

முடிவு? விவரம் தெரிந்த டாக்டர்களின் மதிப்பெண்படி, பிளாஸ்மா மாற்று பெற்ற பிரிவுக்கு 6, 12, 24-வது மாதங்களில் பலன் தெரிந்தது. விவரம் தெரியாத டாக்டர்களின் மதிப்பெண்படி எந்தப் பலனும் இல்லை!

அதே நோயாளிகள், அதே மதிப்பெண் முறை, இரு தரப்பும் தேர்ந்த நரம்பியல் நிபுணர்கள். மாறியது ஒன்றே ஒன்றுதான், தெரிந்துவைத்திருந்த விவரம். 1994-ல் இந்த ஒப்பீடு வெளியானபோது ஆராய்ச்சி உலகம் நிமிர்ந்து உட்கார்ந்தது.

விவரம் தெரிந்த டாக்டர்களின் கணக்கை மட்டும் நம்பியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? ஏற்கெனவே நொந்துபோன நோயாளிகள் வாராவாரம் ஆஸ்பத்திரியில் படுத்து, பணத்தைக் கொட்டி, பக்கவிளைவுகளையும் தாங்கியிருப்பார்கள். நிரூபணமாகாத ஒரு பலனுக்காக.

பி.பி. மெஷினும் பொய் சொல்லுமா?

மதிப்பெண் போடுவதில்தான் இந்தச் சிக்கல், எண்ணைக் காட்டும் கருவி இருந்தால் தப்பிக்கலாம் என்று தோன்றும். நம் வீட்டு பி.பி. மெஷினையே எடுத்துக்கொள்வோம். அப்பாவுக்கு 152 காட்டினால், "இருங்கப்பா, படி ஏறி வந்தீங்க, கொஞ்சம் கழிச்சுப் பார்க்கலாம்" என்போம். 126 காட்டினால் உடனே நோட்டில் எழுதிவிடுவோம். மெஷின் பொய் சொல்லவில்லை. எந்த எண்ணை ஏற்பது என்று நாம்தான் முடிவு செய்தோம்.

பழைய பாதரசக் கருவியில் இன்னொரு சிக்கலும் இருந்தது. 120, 130, 140 என்று பூஜ்யத்தில் முடியும் எண்களையே எழுதும் பழக்கம். 1964-ல் லண்டனில் ஜெஃப்ரி ரோஸ் குழுவினர் இதற்காகவே ஒரு கருவியை உருவாக்கினார்கள். அளக்கும்போது பாதரசத்தின் அளவு கண்ணுக்குத் தெரியாது. நாடித்துடிப்பின் சத்தத்தைக் கேட்டதும் பொத்தானை அழுத்த வேண்டும். என்ன அளவு என்பதை எல்லாம் முடிந்த பிறகுதான் பார்க்கலாம். அளப்பவரிடமிருந்தே அளவை மறைத்த கருவி!

இந்த எச்சரிக்கை எவ்வளவு முக்கியம் என்பதை 2014-ல் வந்த ஒரு முடிவு காட்டியது. எத்தனை மாத்திரை கொடுத்தாலும் இறங்காத பி.பி.க்கு ஒரு புதுச் சிகிச்சை வந்திருந்தது. தொடை இடுக்கு ரத்தக்குழாய் வழியாக மெல்லிய குழாயைச் சிறுநீரக ரத்தக்குழாய் வரை செலுத்தி, அங்குள்ள நரம்புகளைச் சூட்டால் செயலிழக்க வைப்பது. 2010-ல் வெளியான ஆய்வில் மேல் அளவு சராசரியாக 32 புள்ளிகள் இறங்கியது. சிகிச்சை பெறாதவர்களுக்கு ஏறக்குறைய மாற்றமே இல்லை. உலகமே கொண்டாடியது. ஆனால், அந்த ஆய்வில் யாருக்குச் சிகிச்சை நடந்தது என்பது மறைக்கப்படவில்லை.

அடுத்து அமெரிக்காவில் 535 பேரிடம் ஓர் ஆய்வு நடந்தது. இந்த முறை ஒரு பிரிவினருக்குப் பொய்ச் சிகிச்சை. அவர்களையும் அதே மேஜையில் படுக்க வைத்தார்கள், ரத்தக்குழாயைப் படம் எடுத்தார்கள், நரம்பை மட்டும் தொடவில்லை. நோயாளிகளின் கண்ணை மறைத்து, காதில் இசையை ஓடவிட்டார்கள். பிறகு பி.பி. பார்த்தவர்களுக்கும் யார் எந்தப் பிரிவு என்று தெரியாது.

ஆறு மாதம் கழித்து, நிஜ சிகிச்சை பெற்றவர்களுக்கு 14 புள்ளிகள் இறங்கியிருந்தன. பொய்ச் சிகிச்சை பெற்றவர்களுக்கும் 12 புள்ளிகள் இறங்கியிருந்தன! வித்தியாசம் வெறும் இரண்டு புள்ளி. அது தற்செயலாகவும் வரக்கூடிய அளவு.

முதலில் கண்ட 32 புள்ளிகளும் அளப்பவரின் மயக்கம் என்று சொல்லிவிட முடியாது. ஆய்வில் சேர்ந்த பிறகு மாத்திரையை ஒழுங்காகச் சாப்பிடுவது, மிக அதிகமாக இருந்த பி.பி. தானாகவே கொஞ்சம் இறங்குவது என்று வேறு காரணங்களும் உண்டு. பின்னாளில் கருவியை மேம்படுத்தி, மறுபடியும் பொய்ச் சிகிச்சையோடு ஒப்பிட்டுப் பார்த்தபோது, சிறிய அளவில் உண்மையான பலன் இருப்பது தெரிந்தது. 2023-ல் அமெரிக்க அரசின் அனுமதியும் கிடைத்தது. மறைத்து அளந்ததால் மலை மடுவானது. ஆனால், இருந்த மடு நிஜம் என்பதும் அதே முறையால்தான் தெரிந்தது.

மூச்சு திறந்ததா, திறந்ததாகத் தோன்றியதா?

சில நேரம் அளவுகோலே நோயாளியின் வாய்மொழிதான். வலி, களைப்பு, தூக்கம், மூச்சுத் திணறல் எல்லாம் அப்படித்தான். 2011-ல் அமெரிக்காவில் வெளியான ஆஸ்துமா ஆய்வு இதை அழகாகப் பிரித்துக் காட்டியது.

39 நோயாளிகள் அந்த ஆய்வை முடித்தார்கள். ஒவ்வொருவருக்கும் வெவ்வேறு நாளில் நிஜ இன்ஹேலர், மருந்தில்லாத போலி இன்ஹேலர், போலி அக்குபங்சர், எந்தச் சிகிச்சையும் இல்லாமல் காத்திருப்பது என நான்கையும் மாற்றி மாற்றிச் செய்தார்கள்.

'இப்போது எப்படி இருக்கிறது?' என்று கேட்டபோது நிஜ இன்ஹேலருக்கு 50 சதவிகிதம் முன்னேற்றம் என்றார்கள். போலி இன்ஹேலருக்கு 45, போலி அக்குபங்சருக்கு 46. சும்மா காத்திருந்ததற்கு 21.

அதே ஆட்களை ஊதச் சொல்லி நுரையீரலைக் கருவியால் அளந்தபோது கதை வேறு. நிஜ இன்ஹேலருக்கு மூச்சளவு 20 சதவிகிதம் கூடியது. மற்ற மூன்றுக்கும் சுமார் 7 சதவிகிதம்தான். போலி சிகிச்சைகளும் சும்மா காத்திருந்ததும் நுரையீரலைப் பொறுத்தவரை ஒன்றே!

நோயாளிகள் பொய் சொல்லவில்லை. அவர்களுக்கு நிஜமாகவே இதமாக இருந்தது. வலிக்கு அந்த இதமே பெரிய விஷயமாக இருக்கலாம். ஆனால் ஆஸ்துமாவில், நன்றாக இருப்பதாக நினைத்துக்கொண்டிருக்கும்போதே மூச்சுக்குழாய் சுருங்கியிருந்தால் அது உயிருக்கே ஆபத்து. எதை அளக்கிறோம் என்பதும் யார் அளக்கிறார்கள் என்பதைப் போலவே முக்கியம்.

தேடினால் கிடைக்கும்

எத்தனை முறை, எவ்வளவு உன்னிப்பாகப் பார்க்கிறோம் என்பதும் முடிவை மாற்றும். தென்கொரியாவில் பொதுவான உடல் பரிசோதனைகளோடு தைராய்டு ஸ்கேனும் பரவலானது. 2011-ல் அங்கே தைராய்டு புற்றுநோய் என்று கண்டறியப்பட்டவர்களின் விகிதம், 1993-ல் இருந்ததைப் போல 15 மடங்கு! கொள்ளைநோய் வந்ததுபோலத் தோன்றும். ஆனால், அந்த நோயால் இறப்பவர்களின் எண்ணிக்கை ஏறவில்லை. நோய் பெருகவில்லை, தேடல்தான் பெருகியது. ஆயுள் முழுக்கத் தொல்லை தராமல் கிடந்திருக்கக்கூடிய சிறு கட்டிகளெல்லாம் கணக்கில் வந்தன.

ஆய்விலும் இதே கதைதான். ஒரு பிரிவினரை மாதம் ஒருமுறையும், மற்றவர்களை ஆறு மாதத்துக்கு ஒருமுறையும் பரிசோதித்தால், அடிக்கடி பார்க்கப்பட்டவர்களிடம்தான் நோய் அதிகம் கண்ணில்படும். பழி மருந்தின் மேல் விழும்.

எவ்வளவு பெரிய பிழை இது?

டென்மார்க்கைச் சேர்ந்த ஆய்வாளர் ஆஸ்ப்யோர்ன் ஹ்ரோபியார்ட்சனும் குழுவினரும் இதைக் கணக்கிட்டார்கள். கனடா ஆய்வைப் போலவே, விவரம் தெரிந்தவர், தெரியாதவர் என இரு தரப்பும் அளந்த ஆய்வுகளைத் தேடிப்பிடித்தார்கள். 'குணமா, இல்லையா' என்று தீர்ப்பு சொல்ல வேண்டிய 21 ஆய்வுகளை ஒப்பிட்டு 2012-ல் வெளியிட்டார்கள். புள்ளியியல் கணக்குப்படி, விவரம் தெரிந்தவர்கள் சிகிச்சையின் பலனைச் சராசரியாக 36 சதவிகிதம் மிகைப்படுத்தியிருந்தார்கள். மதிப்பெண் போடும் வகை ஆய்வுகளில் இது 68 சதவிகிதம் என்று அடுத்த ஆண்டு தெரிந்தது.

இவர்களில் யாரும் ஏமாற்ற நினைத்தவர்கள் அல்லர். அதனால்தான் 'நாங்கள் நேர்மையாகத்தான் அளந்தோம்' என்ற உறுதிமொழியால் இந்தப் பிழையைத் தடுக்க முடியாது.

மருந்து எளிது

அறுவை சிகிச்சை, பிசியோதெரபி, யோகா போன்றவற்றில் சிகிச்சையை மறைப்பது கஷ்டம். நோயாளிக்கும் தெரியும், டாக்டருக்கும் தெரியும். பரவாயில்லை. அளப்பவருக்குத் தெரியாமல் பார்த்துக்கொண்டாலே பாதிக் கிணறு தாண்டியாயிற்று.

1948-ல் பிரிட்டனில் வெளியான காசநோய் ஆய்வு இதற்கு முன்னோடி. 107 நோயாளிகளில் 55 பேருக்கு ஸ்ட்ரெப்டோமைசின் ஊசி, 52 பேருக்குப் படுக்கை ஓய்வு மட்டும். யாருக்கு ஊசி என்பது வார்டுக்கே தெரியும். ஆனால், எக்ஸ்ரே படங்களைப் பார்த்துத் தீர்ப்பு சொன்ன மூவருக்கும் அது எந்தப் பிரிவு நோயாளியின் படம் என்று தெரியாது. ஒருவர் சொன்னது மற்றவருக்கும் தெரியாது. ஆறு மாதத்தில் ஊசி போட்டவர்களில் 4 பேர் இறந்திருந்தார்கள். ஓய்வு மட்டும் எடுத்தவர்களில் 14 பேர். மறைத்துப் படித்த எக்ஸ்ரேயும் அதே திசையைத்தான் காட்டியது. உண்மையான மருந்து மறைப்பைக் கண்டு பயப்படாது.

இன்றும் நல்ல ஆய்வுகளில் இதைச் செய்கிறார்கள். ஸ்கேன் படத்தில் பெயரை மறைத்து வேறு ஊர் நிபுணருக்கு அனுப்புகிறார்கள். வந்தது மாரடைப்புதானா என்பதைத் தனிக் குழு, நோயாளி எந்தப் பிரிவு என்று தெரியாமலே முடிவு செய்கிறது. பெரிய செலவில்லை. வேண்டியது, 'நானும் ஏமாறக்கூடியவன்தான்' என்று ஒப்புக்கொள்ளும் மனம்.

அடுத்த முறை செய்தி வந்தால்...

'அற்புத மருந்து' என்று குடும்ப வாட்ஸ்அப் குரூப்பில் ஏதாவது வந்தால், பகிர்வதற்கு முன் இந்த நான்கு கேள்விகளைக் கேட்டுப் பாருங்கள்.

1. எதை அளந்தார்கள்? உயிர் பிழைத்தவர்களையா, ரத்தப் பரிசோதனையையா, 'நன்றாக இருக்கிறது' என்ற வார்த்தையையா? இழுபறிக்கு எவ்வளவு இடம் இருக்கிறதோ, அவ்வளவு ஜாக்கிரதை தேவை.

2. அளந்தவர் யார்? மருந்தைக் கொடுத்தவரேவா, தனி ஆளா?

3. யாருக்கு எந்தச் சிகிச்சை என்று அவருக்குத் தெரியுமா?

4. இரு பிரிவினரையும் ஒரே மாதிரி, ஒரே இடைவெளியில் பரிசோதித்தார்களா?

இந்தியாவில் நடக்கும் ஆய்வு என்றால், இதில் பலவற்றுக்கு நீங்களே விடை தேடலாம். ஐ.சி.எம்.ஆர். பராமரிக்கும் சி.டி.ஆர்.ஐ. என்ற ஆய்வுப் பதிவேடு 2007 முதல் இணையத்தில் இருக்கிறது. புதிய மருந்துகளின் ஆய்வுகளை அதில் பதிவு செய்வது 2009 முதல் கட்டாயம். யார் வேண்டுமானாலும் இலவசமாகப் பார்க்கலாம். யாரிடமிருந்து விவரம் மறைக்கப்படுகிறது என்பதற்கு அதில் தனிக் கட்டமே உண்டு. 'ஓப்பன் லேபிள்' என்று இருந்தால், யாருக்கு என்ன சிகிச்சை என்பது மறைக்கப்படவில்லை என்று பொருள். அப்படிப்பட்ட ஆய்வுகள் எல்லாமே தவறு என்று அர்த்தமில்லை. கொண்டாடுவதற்கு முன் கொஞ்சம் பொறுக்கலாம் என்று அர்த்தம்.

ஒரு விஷயத்தில் மட்டும் கவனம். இதையெல்லாம் படித்துவிட்டு, சாப்பிட்டுக்கொண்டிருக்கும் மாத்திரையை நீங்களாக நிறுத்திவிடாதீர்கள். சந்தேகம் இருந்தால் உங்கள் டாக்டரிடம் கேளுங்கள். வீட்டில் பி.பி. பார்க்கும்போது இரண்டு முறை அளந்து, பிடித்தாலும் பிடிக்காவிட்டாலும் இரண்டு எண்களையும் அப்படியே எழுதுங்கள். அந்த நோட்டை நம்பித்தான் அப்பாவின் மாத்திரையைக் கூட்டுவதா, குறைப்பதா என்று டாக்டர் முடிவெடுக்கப்போகிறார்.